சாம்பல் நிறத்தில் ஒரு மஞ்சள் கோட்டு

படத்தில் இருப்பது நானா, என் தங்கை வெர்டெலா? எண்பத்திரண்டு வயதில் என்னிடம் வந்து கேட்கிறார்கள். நீங்களே சொல்லுங்கள் என் கண்ணுகளா, தன் முகம் தனக்கே தெரியாமல் போகுமா? எனக்குப் போய்விட்டது.

ஞாயிறு ஆராதனை முடிந்ததும் சர்ச் சமையலறையில் கெசையா தன் கணினியைத் திறந்தாள். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்து மூன்றில் கறுப்பர் உரிமைக்காக ஊர்வலம் போய் எங்கள் அலபாமா ஊரில் சிறைக்குப் போன, யாரும் பேர் எழுதி வைக்காத பெண்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிற பெண் அவள். ஆறு விநாடி நீளத்துக்கு ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படச்சுருள் ஓடியது. நீதிமன்றப் படிக்கட்டில் போலீஸ்காரன் கேட்க, தொப்பி மறைத்த முகத்தோடு ஒருத்தி வாய் திறந்து பேர் சொல்கிறாள். கோட்டு சாம்பலாகத் தெரிந்தது. அது மஞ்சள். எங்கள் இருவருக்கும் இருந்ததே அந்த ஒரு கோட்டுதான்.

"சிறைப் பதிவேட்டுல உங்க பேரு இருக்கு மிஸ் ஓசெல்லா. ரெண்டு தேதியில. இது நீங்கதான்னு போட்டுரலாமா?"

கேக் வெட்டிக்கொண்டிருந்த வெர்டெலின் மகள் ரெனீட்டா கத்தியைக் கீழே வைத்தாள். "அது எங்கம்மா."

"பதிவேட்டுல…"

"பதிவேடாம்! மாட்டுனா பெரியம்மா பேரைத்தான் அம்மா குடுப்பாங்க. வேலை பார்த்த வெள்ளைக்காரிக்குத் தெரிஞ்சா மறுநாளே சீட்டுக் கிழிஞ்சிரும். பெரியம்மா வீட்டுல சூட்டுச் சீப்பு வச்சு ஊருக்கே சுருட்டை முடிய நீவி நேராக்கிக்கிட்டு இருந்தாங்க, அவங்கள யாரு விரட்டுறது? சொல்லுங்க பெரியம்மா!"

உண்மைதான். யார் மாட்டினாலும் ஓசெல்லா என்று பேசி வைத்திருந்தோம். அவள் ஒரு நாள் போனாள், நான் ஒரு நாள். எது எவள் நாள்? சிமெண்டுத் தரையின் குளிர் இடுப்பில் ஏறியது நினைவிருக்கிறது. ஆனால் அவளும் திரும்பி வந்து, ஒரே கட்டிலில் படுத்து, அதையேதான் சொன்னாள். எந்தக் குளிர் யாருடையது என்று இப்போது பிரிக்க முடியவில்லை.

"இவ்வளவு ஒல்லியா நான் எப்பவும் இருந்ததில்ல," என்றேன்.

"அம்மா மட்டும் இருந்தாங்களாக்கும்!" ரெனீட்டா சிரிக்கப் பார்த்து, அழுதுவிட்டாள். "எங்கம்மா பேரு கல்லறையில மட்டும்தான் இருக்கு, பெரியம்மா."

கெசையா தலையைத் தொங்கப் போட்டாள். "தெரியாதத நான் போட முடியாதுக்கா. ஒண்ணு தப்புன்னு ஆச்சுன்னா, மத்தவங்க சொன்னதையும் பொய்னுருவாங்க."

இருவர் சொல்வதும் சரி.

என் பேட்டிக்கான நேரம் வந்தது. காலரில் மைக்கைச் செருகிவிட்டு கெசையா கேமராவுக்குப் பின்னால் போனாள். சிவப்பு விளக்கு எரிந்தது.

"மொதல்ல உங்க பேரு, பொறந்த வருஷம். எல்லாருக்கும் இதுதான் மொதக் கேள்வி."

வாய் திறந்தேன். அந்தப் படிக்கட்டில் அவளும் இப்படித்தான் திறந்திருப்பாள். அல்லது நான்.

"வெர்டெல் டூக்ஸ். நாப்பத்து அஞ்சு."

கெசையா நிமிர்ந்தாள். "உங்க பேரு, மிஸ் ஓசெல்லா."

"அவ என் பேரைச் சொன்னப்ப எந்தப் போலீஸ்காரனும் திருத்தலையேம்மா. இதை அழிக்காம வை. அந்தப் படத்துல யாருன்னு எனக்குத் தெரியாது, அதையும் இங்கேயே சொல்லிடறேன். இப்ப என் பேரைக் கேளு."

ரெனீட்டா கேக் தட்டோடு அப்படியே நின்றாள். விளக்கு எரிந்துகொண்டே இருந்தது.