மேல்வரிசை

இரும்பு கேட் தடதடவென்று இடிபட்டபோது, பெரியவன் செத்துப்போன தம்பியின் தாடையைத் துணியால் இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தான். முடிச்சு நழுவியது. வாய் மறுபடி திறந்துகொண்டது.

"வந்துட்டான்" என்றார் மாமா, ஜன்னல் திரையை ஒரு விரலால் விலக்கி. "பல்லுக்காரன்."

அந்த வீட்டில் அவனுக்கு அதுதான் பெயர். பல் டாக்டர்களுக்குச் செயற்கைப் பல் செட் செய்து கொடுக்கும் பட்டறை வைத்திருந்தான். சின்னவன் பத்துப் பதினோரு வருஷமாக அவனோடுதான் குடித்தனம் நடத்தினான். அது போதாதென்று, ஆணும் ஆணும், பெண்ணும் பெண்ணும் கல்யாணம் செய்துகொள்ளச் சட்டம் வேண்டும் என்று இரண்டு பேரும் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வீடு வீடாகப் போய்க் கையெழுத்துக் கேட்டார்கள். கதவை முகத்தில் சாத்தினால் அடுத்த கதவு. நாயை அவிழ்த்து விட்டால் அடுத்த தெரு. நேற்று ஒரு அடுக்குமாடிக் கட்டடத்தின் மாடிப்படியில், தட்ட வேண்டிய கதவுகள் இன்னும் மீதி இருக்கும்போதே, சின்னவன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தான். பிறகு எழுந்திருக்கவில்லை.

ஆஸ்பத்திரியில் பல்லுக்காரனிடம் இறந்தவருக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டார்கள். அவன் சொன்ன பதில் அங்கே செல்லுபடியாகவில்லை. நர்ஸ் பெரியவனுக்குப் போன் செய்தாள். பெரியவன் போய் உடலைத் தன் வீட்டுக்குக் கொண்டுவந்தான். வராந்தா பெஞ்சில் கசங்கிப்போய் உட்கார்ந்திருந்தவனை ஏறிட்டும் பார்க்கவில்லை. சண்டை போட வேண்டிய தேவையே இல்லாமல் போனதில் அவனுக்கு ஒரு திருப்திகூட இருந்தது.

நாலு மணிக்கு வண்டி வரும். மூன்று மணிக்கே தெருக்காரர்கள் முகம் பார்க்க வந்துவிடுவார்கள். அந்த முகம்தான் தகராறு பண்ணிக்கொண்டிருந்தது.

நாற்பத்து நாலு வயதுக்காரனின் மேல் உதடு கிழவனுடையதைப் போல உள்ளே மடிந்து கிடந்தது. யாரோ வேற்று ஆளைக் கொண்டுவந்து படுக்க வைத்த மாதிரி இருக்கிறது என்று பெரியவனின் மனைவி காலையிலேயே சொன்னாள். அவன் உதட்டைத் தூக்கிப் பார்த்தான். மேல்வரிசையில் முன்பற்கள் ஒன்றுகூட இல்லை. படிக்கட்டில் விழுந்ததில் போயிருக்கும் என்றார் மாமா. ஆனால் காயம் இல்லை, ரத்தம் இல்லை. ஈறு பச்சைக் குழந்தையுடையதைப் போல வழவழவென்று ஆறிப்போயிருந்தது.

அது எப்போது போனதென்று பெரியவனுக்கு எப்படித் தெரியும்? தம்பியின் முகத்தைப் பார்த்து ஆறு வருஷம் ஆயிற்று. கடைசியாக இதே கேட்டில் வந்து நின்று, முதல் கையெழுத்தை நீதான் போட வேண்டும் அண்ணா என்றான். எனக்குத் தம்பியே கிடையாது என்று பெரியவன் தெருவுக்கே கேட்கிற மாதிரி பதில் சொன்னான்.

அம்மா கால்மாட்டில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாள். அழவில்லை. ஒரு வார்த்தை பேசவில்லை. அம்மாவே அவனைத் தலைமுழுகி ரொம்ப நாளாச்சு என்று பெரியவன் வந்தவர்களிடமெல்லாம் சொன்னான். அவள் மறுக்கவில்லை. மாமாதான் சாவு வீட்டில்கூட வாயை மூடாத ஆள். பிஸ்கட்டை டீயில் ஊற வைத்தபடி, தன் பல் செட்டைக் கட்டியவர் பெரிய டாக்டர் என்றும், அது வாயில் இருப்பதைவிடச் சட்டைப் பையில் இருக்கும் நேரம்தான் அதிகம் என்றும் புலம்பினார். அக்காவைப் பாருங்கள், ஏதோ இலவச முகாமில் கட்டின பல்லு, இந்த வயதில் கடலையை நொறுக்குகிறாள் என்றார்.

கேட் மறுபடி இடிபட்டது. பெரியவன் வெளியே போனான். மாமா செருப்பைக்கூட மாட்டாமல் பின்னால் ஓடினார்.

பல்லுக்காரன் நேற்றைய சட்டையோடே நின்றிருந்தான். கையில் உள்ளங்கை அளவு பிளாஸ்டிக் டப்பா. எதிர்வீட்டு மாடியில் யாரோ "விதவை வந்திருக்கு" என்றார்கள். இரண்டு பேர் சிரித்தார்கள்.

"என்னப்பா, செத்த வீட்டுலயும் கையெழுத்து வாங்க வந்தியா?" என்றார் மாமா.

பல்லுக்காரன் அவரைப் பார்க்கவில்லை. "அண்ணா, ஒரு நிமிஷம்..."

"யாருக்கு யாரு அண்ணன்?"

"சரிங்க." டப்பாவைத் திறந்து காட்டினான். தண்ணீருக்குள், ரோஜா நிறத் தகட்டில் பதித்த பற்கள். மாமாவின் கை தானாகச் சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டது. "ஆஸ்பத்திரியில கழட்டி என் கையில கொடுத்துட்டாங்க. இது இல்லாம அவர் பால் வாங்கக்கூட வெளிய போக மாட்டாருங்க. நான் மாட்டி விட்டுட்டு, முகத்தை ஒரு தடவை பாத்துட்டுப் போயிடறேன். வண்டி பின்னால வரமாட்டேன். யார்கிட்டயும் பேசமாட்டேன்."

பெரியவன் கேட்டிருக்க வேண்டாம். ஆனால் கேட்டான். "பல்லு எப்படிப் போச்சு?"

"நாலு வருஷம் முன்னால, உங்க கடை இருக்கிற மார்க்கெட்டுல. கையெழுத்துக் கேட்டுக்கிட்டு நின்னோம். செங்கல்லை விட்டு எறிஞ்சாங்க."

அந்த நாளைப் பெரியவனுக்குத் தெரியும். வெளியே ஒரே கூச்சல். உங்க தம்பி ஜோடியோட வந்திருக்காரு என்று பக்கத்துக் கடைக்காரன் எட்டிப் பார்த்துச் சிரித்தான். பெரியவன் ஷட்டரைப் பாதிக்கு மேல் இறக்கிவிட்டு, உள்ளே உட்கார்ந்து ஆணிகளை அளவு பார்த்துப் பிரித்துக்கொண்டிருந்தான். கூச்சல் அடங்க நேரமாயிற்று. நிறைய ஆணிகளைப் பிரித்து முடித்திருந்தான்.

கம்பி இடுக்கு வழியாகக் கையை விட்டு டப்பாவைப் பிடுங்கினான்.

"கேட்டைத் தாண்டிக் காலை வெச்சே, நடக்கறதே வேற."

"அழுத்தாதீங்க, தகடு உடைஞ்சிடும். முதல்ல உதட்டுக்கு வெந்நீர் ஒத்தடம்..."

பெரியவன் உள்ளே வந்து கதவைச் சாத்தினான்.

அவன் ஹார்டுவேர் கடைக்காரன். எந்தக் குழாய்க்கு எந்த மூட்டு பொருந்தும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லுவான். இது பொருந்தவில்லை. நேராகத் தள்ளினான், போகவில்லை. சாய்த்துத் தள்ளினான், உதடு விறைத்துப்போய் இடம் கொடுக்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு அழுத்தியபோது டக்கென்று ஒரு சத்தம். செட் பாதி உள்ளேயும் பாதி வெளியேயுமாக நின்றது. தம்பி அவனைப் பார்த்து இளிப்பதுபோல இருந்தது. மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவன் அதை வெடுக்கென்று உருவினான். தகடு உடைந்துவிட்டதா என்று திருப்பிப் பார்த்தான்; உடையவில்லை.

"அவரையே கூப்பிட்டுடலாமேங்க" என்றாள் மனைவி மெதுவாக.

"அவராம். அவன் கை பட்டது எதுவும் இந்த வீட்டுக்குள்ள வரக்கூடாது. எனக்குச் சோறு இறங்காது."

"அப்ப உங்க கையில இருக்கறது?"

வாய் வரைக்கும் பூவைப் போட்டு மூடிவிடலாம், பார்க்கிறவன் பார்க்கட்டும் என்று மாமா யோசனை சொன்னார். பெரியவன் அதற்குத் தலையாட்டிவிட்டு, ஜன்னல் வழியாக வெளியே பார்த்தான். பல்லுக்காரன் போகவில்லை. கேட் கம்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வெயிலில் நின்றிருந்தான். தெருமுனையில் முதல் ஆட்கள் வெள்ளைச் சட்டையில் வந்துகொண்டிருந்தார்கள்.

நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. அம்மா எழுந்து வந்து, பெரியவனின் விரல்களைப் பிரித்துப் பல் செட்டை எடுத்துக்கொண்டாள். அதைத் துண்டால் துடைத்தாள். திருப்பிப் பிடித்து விளிம்பைக் கட்டைவிரலால் ஒருமுறை தடவிப் பார்த்தாள். பிறகு மருமகளிடம் அடுப்பில் வெந்நீர் வைக்கச் சொன்னாள். காலையிலிருந்து அவள் பேசிய முதல் பேச்சு அதுதான்.

"உனக்கு எதுக்கும்மா இது?" என்றான் பெரியவன். "நீயே வேண்டாம்னு விட்டவன். அந்தப் பல்லுக்காரன் செஞ்சதைத் தொட உனக்குக் கூசலையா?"

அம்மா செட்டைத் துண்டில் சுற்றிக் கைக்குள் வைத்துக்கொண்டாள்.

"கேட்டைத் திறடா. என் வாயில இருக்கறதும் அவன் செஞ்சதுதான்."