கல்லில் விழுந்த ஊதா வட்டம்

கிமியேவுக்கு மண்டை குடைந்தது. மகன் ஷூன் இறந்த தேதி பத்தொன்பது. இப்போதெல்லாம் மாதாமாதம் அந்தத் தேதியில், வேலை முடிந்து அவள் மயானத்துக்குப் போவதற்குள் அவன் கல்லறைக் கல்லில் ஓர் ஊதா வட்டம் விழுந்திருக்கிறது. முகர்ந்தும் பார்த்துவிட்டாள். திராட்சை சோடாவேதான். காக்கைத் தொல்லையால் அங்கே படையலை விட்டுப் போகக்கூடாது, படைத்தவரே எடுத்துச் சாப்பிட்டுவிட வேண்டும். எவனோ டின்னைத் திறந்து படைத்து, குடித்துவிட்டுப் போகிறான்.

யார் அந்த மகராசன்? சொத்தைப்பல் வரும் என்று ஷூனுக்கு அவள் சோடாவைக் கண்ணில் காட்டியதே இல்லை. பாலத்திலிருந்து விழுந்து செத்த அன்று அவன் வயிற்றில் திராட்சை சோடா இருந்ததாக டாக்டர் அவளிடம் மட்டும்தான் சொன்னார். கூட இருந்தவன் பதிமூன்று வயதுப் பயல். ‘தவறி விழுந்தான்’ என்றான், போலீசார் வழக்கை மூடிவிட்டார்கள். வயதைக் காட்டிப் பெயரைக்கூடச் சொல்லவில்லை. எட்டு வருடமாக அவளுக்கு அவன், போலீஸ் காகிதத்தில் பெயருக்குப் பதிலாக எழுதியிருந்த வெறும் ‘சிறுவன் ஏ’.

இந்தப் பத்தொன்பதாம் தேதி லீவு போட்டாள். காலையிலேயே போய்ப் பக்கத்துக் கல்லறைக்குப் பின்னால் குந்திக்கொண்டாள். பையில் ஒரு திராட்சை சோடா டின், வாய் திறந்து, மேலே பிளாஸ்டிக் தாள் சுற்றி.

கட்டட வேலைச் சட்டையில் ஓர் இளைஞன் வந்தான். வாளித் தண்ணீரால் கல்லைக் கழுவினான், டின்னைத் திறந்து வைத்தான், கும்பிட்டான். எடுத்துக் குடித்தான்.

கிமியே எழுந்தாள்.

“யாருப்பா நீ?”

“ஷூனோட படிச்சவன்ங்க.”

“எதுக்கு இந்த சோடா?”

“அவனுக்குப் பிடிக்கும்...”

“பெத்தவ எனக்கே தெரியாதே! எம்புள்ள அதைக் குடிச்சது ஒரே ஒரு நாளுடா.”

அவன் முகம் வெளுத்துவிட்டது. சட்டென்று மண்டியிட்டு நெற்றியைத் தரையில் வைத்தான்.

“இந்த வித்தையெல்லாம் வேணாம், எந்திரி. விழுந்தானா, தள்ளினியா?”

“தள்ளினேன்மா.”

“எதுக்கு?”

“அவன் காசுல வாங்கி, முதல் வாய் எனக்குத்தான் குடுத்தான். ‘உங்க வீட்டுல யாரும் வாங்கித் தரமாட்டாங்களா’ன்னு கேட்டான். அவ்வளவுதான்மா. தள்ளிட்டேன்.”

அவ்வளவுதானாம்! பையிலிருந்த டின்னை எடுத்துக் கல்லில் வைத்தாள், கும்பிட்டாள், தாளை உரித்து அவனிடம் நீட்டினாள்.

“படைச்சாச்சு. குடி.”

டின்னின் திறந்திருந்த வாயைப் பார்த்தான். அவள் முகத்தைப் பார்த்தான். கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு, கல்லருகே உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டான்.

கால் மணி நேரம் போயிற்று. கண்ணைத் திறந்தான்.

“ஒண்ணும் ஆகலையேம்மா?”

“ஒண்ணும் கலக்கலடா. அடுத்த மாசம் நீ டின் வாங்கிட்டு வராத. இனிமே நாந்தான் கொண்டுவருவேன், இதே மாதிரி திறந்து. அன்னைக்கும் கலக்கமாட்டேன்னு நான் சொல்லல.”

அவன் காலி டின்கள் இரண்டையும் எடுத்துக்கொண்டு எழுந்தான்.

“வரேன்மா. பத்தொன்பதாம் தேதி.”

அவன் படியிறங்கி மறையும்வரை பார்த்துக்கொண்டு நின்றாள். கல்லில் இன்று இரண்டு ஊதா வட்டங்கள். வாளியில் தண்ணீர் மிச்சமிருந்தும் அவள் அவற்றைக் கழுவவில்லை.