மூன்றாவது மாடியில் மலைக்கோட்டை

திண்டுக்கல்லில் பூட்டுக்கடை வைத்திருப்பவர் யாரை வேண்டுமானாலும் சந்தேகப்படலாம். தொழில் அப்படி. அப்துல் சுக்கூர் ஒரு வாரமாக ஒரு பெண்ணைச் சந்தேகப்பட்டார்.

சாயங்காலமானால் தோள்பையோடு அவர் கடை வாசலில் வந்து நிற்பாள். எதிரே புதிதாக எழும்பிய நகைக்கடையின் மூன்றாவது மாடிக் கண்ணாடியையே பார்ப்பாள். அங்கேதான் லாக்கர் ரூம்.

இன்று நகைக்கடை வாட்ச்மேன் சுருளிவேலைத் துணைக்கு அழைத்துக்கொண்டு அவளை மடக்கிவிட்டார்.

"பேரு?"

"ஜோஸ்பின். ஊர் ஊராப் போயி ஊதுவத்தி விக்கிறேன் பாய்."

"பையைத் தொற."

ஊதுவத்திக் கட்டுகள், இரண்டு சேலை, சோப்பு டப்பா. சுக்கூர் அடிவரை துழாவினார். முகம் இறுகியது.

"வீட்டுச் சாவி எங்க?"

"வீடு இல்ல."

"பொட்டிச் சாவி?"

"இந்தப் பைதான் எல்லாம். ஜிப்பும் போயிருச்சு."

"தனக்குன்னு சாவி இல்லாதவ அடுத்தவுக சாவியத்தான் தேடுவா பாய்," என்றான் சுருளிவேல். "ஸ்டேஷனுக்குக் கூட்டிப் போயிருவோம்."

"வாரேன்ணே. செத்த நேரம் பொறுங்க. நாளைக்கு அந்த மாடியை மறைச்சு ஆடித் தள்ளுபடி பேனர் கட்டுறாக. இன்னிக்குத்தான் கடைசி."

"கூட்டாளிக எம்புட்டுப் பேரு வாராக?" என்றார் சுக்கூர்.

"ஒண்ணே ஒண்ணுதான். வந்ததும் போயிரும்."

சுருளிவேல் விசிலை வாயில் வைத்தான்.

பூட்டுக்கடைக்குப் பின்னால் எங்கோ சூரியன் இறங்கியது. மூன்றாவது மாடிக் கண்ணாடி முழுக்கச் சிவந்தது. சிவப்பின் நடுவே மலைக்கோட்டை எழுந்தது. தெருவில் நின்றால் கட்டடங்கள் மறைக்கிற அதே மலை, கரேலென்று, உச்சிச் சுவர் மட்டும் நெருப்புக் கோடாக. கண்ணாடிக்குள் காக்கைகள் திரும்பின.

விசில் ஒலிக்கவில்லை.

சிவப்பு வெளிறி அணைந்தது. கண்ணாடியில் ட்யூப்லைட் தெரிந்தது.

ஜோஸ்பின் பையை மாட்டிக்கொண்டாள். "போவமா?"

"எங்க?" என்றார் சுக்கூர், மாடியை விட்டுக் கண்ணெடுக்காமல்.

"ஸ்டேஷனுக்கு."

"எதுக்கு?"

சுக்கூர் வாட்ச்மேன் பக்கம் திரும்பினார்.

"பேனரு எங்கப்பு இருக்கு?"

"குடோன்ல."

"பூட்டு?"

"நம்ம கடைப் பூட்டுதான் பாய். வேற சாவிக்குத் தொறக்காதுன்னு நீங்கதான சத்தியம் பண்ணி வித்தீக?"

"சாவி?"

சுருளிவேல் இடுப்பிலிருந்து அந்த ஒரே சாவியை எடுத்தான். யோசித்தான். ஜிப் இல்லாத பைக்குள் போட்டான்.

"எப்பம்மா அடுத்த ஊருக்கு?" என்றார் சுக்கூர்.

"பழநி பஸ்ஸு நிக்குது," என்றாள். பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். "நாளைக்குச் சாயங்காலம் பாத்துட்டுப் போறேன்."