பிரஷ் பட்ட கல்

என் அண்ணன் கார்மேகத்தின் மேல் எனக்கு இருபது வருஷக் கோபம். வேலாங்குளத்தில் எங்களைக் கபடிக் குடும்பம் என்றுதான் சொல்வார்கள். திருவிழா ஃபைனலில் கடைசியாகப் பாடி வந்த பக்கத்து ஊர்க்காரன், அப்பாவின் கையைத் தொட்டுவிட்டதாகக் கத்தினான். "படல" என்றார் அப்பா. நடுவர் நம்பினார். கோப்பை எங்கள் வீட்டுக்கு வந்தது. "பட்டுச்சு, நான் பாத்தேன்" என்றான் அண்ணன். ஊர் பார்க்க அவனை அறைந்தேன், அண்ணன் என்றும் பார்க்காமல். அதோடு அவன் கபடியையும் விட்டான், அப்பாவோடு பேசுவதையும் விட்டான்.

துபாய்க்கு வந்தவன் பனித்தளம் ஒன்றில் ஐஸைப் பராமரிக்கும் வேலையில் சேர்ந்தான். அங்கே வெள்ளைக்காரர்கள் கர்லிங் ஆடியதைப் பார்த்துக் கற்றுக்கொண்டு, ஒரு டீமுக்குக் கோச்சாகவும் கேப்டனாகவும் ஆகிவிட்டான். இருபது கிலோ கருங்கல்லை ஒருவர் வழுக்கி விடுவார். இரண்டு பேர் அதற்கு முன்னால் பிரஷ்ஷால் ஐஸைத் தேய்த்துக்கொண்டே போக வேண்டும். கல் நடுவட்டத்தில் நிற்க வேண்டும். அல் கூஸ் தொழிலாளர் கேம்பில் கிடந்த என்னையும் அந்த டீமில் இழுத்துப் போட்டான். "ரூமைப் பெருக்க ஆளக் காணோம், ஐஸப் பெருக்கப் போறாராம் தொரை" என்று ரூம்மேட் முகம்மது சித்தீக் என்னை ஓட்டுவார்.

போன வெள்ளிக்கிழமை ஃபைனல். ஜெயித்தால் கொரியாவில் நடக்கும் போட்டியில் ஆடப் போகலாம். அண்ணனுக்கு நாற்பத்திரண்டு வயது, இதை விட்டால் இனி வாய்ப்பில்லை. ஊரில் அப்பாகூட போனில் லைவ் பார்த்துக்கொண்டிருந்தார்.

கடைசிக் கல்லை அண்ணன் விட்டான். உயிரைக் கொடுத்துத் தேய்த்தேன். பாழாய்ப்போன பிரஷ் கல்லில் லேசாக உரசிவிட்டது. ஓடுகிற கல்லில் பிரஷ் பட்டால் அந்தக் கல் செல்லாது. அதை யாருடைய பிரஷ் பட்டதோ அவரே சொல்ல வேண்டும், இந்த ஆட்டத்தில் அதுதான் முறை. நான் சொல்லவில்லை. கல் நடுவில் போய் நின்றது. கை தட்டினார்கள்.

அண்ணன் என்னிடம் வந்தான்.

"பாஸ்கரு, பட்டுச்சா?"

"படலண்ணே."

என்னையே பார்த்தான். நாலு வார்த்தை திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். நேராகப் போய் அந்தக் கல்லை வட்டத்துக்கு வெளியே தள்ளிவிட்டு, எதிரணிக்காரர்களுக்குக் கை கொடுத்தான். கொரியா அதோடு போயிற்று.

உடை மாற்றும் அறையில் எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "யோக்கியன் வர்றான், சொம்பெடுத்து உள்ள வை! ஒருத்தனும் பாக்கலையேண்ணே, உனக்கு என்ன வந்துச்சு?"

அவன் ஷூ கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தான். அப்போது என் போன் அடித்தது. அப்பா.

"பாஸ்கரு, பிரஷ் பட்டுச்சாடா?"

அவரிடம் பொய் வரவில்லை. "பட்டுச்சுப்பா."

"அண்ணன் வந்து கேட்டானே, சொன்னியா?"

"இல்லப்பா."

அப்பா லேசாகச் செருமினார்.

"எனக்கும் பட்டுச்சுடா. அன்னைக்கு."

அண்ணனை அறைந்த கையில்தான் போனைப் பிடித்திருந்தேன்.

"அவன்ட்ட குடு. பேசுவானான்னு கேளு" என்றார் அப்பா.

நீட்டினேன். அண்ணன் உடனே வாங்கவில்லை. கையுறையைக் கழற்றினான், முகத்தைத் துடைத்தான். பிறகு வாங்கிக் காதில் வைத்தான்.

"சொல்லுப்பா" என்றான்.