ஒரே தட்டில் வடை தின்ற சட்டத்தரணிகள்

"மேல் நீதிமன்றப் படியேறினவன் இடையில இறங்கினதாச் சரித்திரமே இல்ல" என்றார் இராசதுரை மாமா. சரித்திரம் அவர் எட்டாம் வகுப்போடு விட்ட பாடம்.

தன்னாமுனைப் பக்கத்து ஐஸ் கொம்பனியொன்று அவரையும் ஏறாவூர் நிஸ்தாரையும் ஒரே நாளில் வேலையால் நிப்பாட்டியிருந்தது. மாமாவுக்கு அது பதினேழு வருச மெஷின் வேலை. தொழில் நியாயசபைக்குப் போகலாம் என்று சட்டத்தரணி பிரஷாந்தி அப்போதே சொன்னா. சின்னக் கட்டிடத்தில் சின்ன நீதிதான் கிடைக்கும் என்று மாமா தீர்ப்பளித்து, நிஸ்தாரையும் இழுத்துக்கொண்டு போய் மேல் நீதிமன்றத்தில் ஆளுக்கொரு மனுப் போட்டார்.

இப்போது தன் அலுவலகத்தில் வைத்து பிரஷாந்தி திரும்பவும் சொன்னா. "தனியார் வேலைக்கு இந்த மனு நிக்காது அண்ணன். வாபஸ் எடுத்துப்போட்டு நியாயசபைக்குப் போவம். வேலை நிப்பாட்டி ஆறு மாசத்துக்குள்ள போடோணும். ஒன்பது நாள்தான் கிடக்கு. பிந்தினா வேலையை மறந்திருங்க."

வெளியே வந்ததும் மாமா என் காதுக்குள் சொன்னார். "மருமகன், இவ போன கிழமை கன்டீன்ல கொம்பனிச் சட்டத்தரணியோட இருந்து வடை தின்டவ. ஒரே தட்டு."

"எல்லாச் சட்டத்தரணியும் அந்தக் கன்டீன்லதானே தின்னுற, மாமா?"

"அப்ப எல்லாரும் கூட்டு."

அடுத்த நாள் நிஸ்தார் மனுவை வாபஸ் எடுத்தார். கூட்டில் அவரும் சேர்க்கப்பட்டார். புதுச் சேட்டுப் போட்டிருந்தது அதற்குச் சாட்சி.

செவ்வாய்க்கிழமை நிஸ்தார் ஏறிய ஏறாவூர் பஸ்ஸுக்குப் பின்னால் என் மோட்டச்சைக்கிளில் துப்பறியப் போனோம். ஆளடையாளம் தெரியாதிருக்க மாமா ஹெல்மெட் கண்ணாடியை இறக்கிவிட்டிருந்தார். ஹெல்மெட்டின் பின்பக்கம் 'இராசதுரை' என்று அவரே பெயின்ட்டால் எழுதியிருந்தார்.

நிஸ்தார் போய் இருந்தது நியாயசபை வாசலில் போட்டிருந்த மர வாங்கில்.

"இராசதுரை அண்ணன், அதைக் கழட்டுங்க. வேர்க்கப் போகுது."

"கொம்பனி என்னடா தந்தவன் உனக்கு?"

"தந்திருந்தா நான் ஏன் இதில இருந்து காயுறன்?" நிஸ்தார் ஒரு கடதாசியை நீட்டினார். வேலையைத் திருப்பித் தரும்படி கேட்ட விண்ணப்பம், முத்திரை குத்தியிருந்தது. மாமா மூன்று தரம் வாசித்தார். முத்திரையை நகத்தால் சுரண்டியும் பார்த்தார்.

"அண்ணன், உங்கட மெஷினுக்கு வேற ஆள் பாக்கிறாங்களாம்."

"பொய்யாயிருக்கும்" என்றார் மாமா. ஆனால் வழமையான சத்தம் இல்லை.

இரண்டு நாள் மிச்சமிருக்க, செருப்புத் தைக்க ரவுணுக்குப் போகவேண்டும் என்றார். பிரஷாந்தியின் அலுவலகத்துக்கு இரண்டு ஒழுங்கை முந்தியே இறங்கி, "நீ இதில நில்லு மகன்" என்றார். சந்தேகப்படுவது எங்கள் குடும்பச் சொத்து. நானும் பின்னால் போனேன்.

திறந்த ஜன்னலோடு ஒட்டி நின்று பார்த்தேன். மேசையில் இரண்டு கடதாசிகள், ஒன்று வாபஸ், மற்றது விண்ணப்பம். மாமா இரண்டிலும் ஒப்பம் வைத்துவிட்டு, பக்கத்து அறைக்குக் கேட்காத குரலில் கேட்டார்.

"நியாயசபை எத்தினை மணிக்குத் திறப்பாங்க, பிள்ளை? நான் வெள்ளனவே வந்து நிக்கிறன்."