பெயர் போடாத தலையங்கம்

தலையங்கத்துக்குக் கீழே எழுதியவர் பெயர் போடும் வழக்கம் அந்தப் பத்திரிகையில் இல்லை. இருபத்தேழு வருடமாக அதை எழுதிவரும் ஏரம்பமூர்த்தியை அது உறுத்தியதும் இல்லை. யார் எழுதுவது என்று ஊருக்கே தெரியும் என்பது அவர் நினைப்பு. கண் அறுவை சிகிச்சைக்குப் பிறகு பத்து நாள் சிங்கப்பூரின் ஈசூன் வட்டாரத்திலுள்ள தன் வீட்டில் கிடந்துவிட்டு வேலைக்குத் திரும்பிய அன்றுதான் உறுத்தியது.

அந்தப் பத்து நாளும் தலையங்கம் தவறாமல் வந்திருந்தது. யார் எழுதினார்கள்? கேட்டால் ஒருவரும் முகம்கொடுத்துப் பேசவில்லை. சேர்ந்து இரண்டு வருடம்கூட ஆகாத வர்ஷா, அவரைக் கண்டதும் கணினித் திரையை மாற்றினாள். அவருடைய ஒப்பந்தமோ அடுத்த மாதம் முடிகிறது. அறுபத்தாறு வயதுக்காரர் சந்தேகப்பட இது போதாதா?

மதியம் சிராங்கூன் சாலைக் கடையில் தேநீர் ஆறிப்போக, அந்தத் தலையங்கங்களில் ஒன்றை எடுத்துவைத்துச் சிவப்புப் பேனாவால் குதறினார். வீட்டில் தமிழ் பேசுவது குறைகிறது என்பது பற்றியது. நடை அவருடையதைக் காப்பியடித்த மாதிரி இருந்தது, ஆனால் வழவழா கொழகொழா. ஒருவரையும் குறை சொல்லாமல், 'அனைவரும் சிந்திக்க வேண்டும்' என்று முடிந்திருந்தது. இந்தக் கோழைக்கா என் நாற்காலி?

நேரே ஆசிரியர் ஷபானாவின் அறைக்குப் போய்த் தாளை மேசையில் போட்டார்.

"இத எழுதினவங்களுக்கு முதுகெலும்பே இல்ல. இவங்களத்தான் என் எடத்துல உட்கார வைக்கப் போறீங்களா?"

ஷபானா அந்தச் சிவப்புக் கோடுகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு வர்ஷாவை அழைத்தார்.

"சொல்லிடு லா. மறைச்சு என்ன பண்றது?"

வர்ஷா ஏரம்பமூர்த்தியின் முகத்தைப் பார்க்கவில்லை. "நான் எழுதல சார். பழைய பேப்பர்லேர்ந்து எடுத்தேன். இது டூ தவுசண்ட் லெவன்ல வந்தது. அதுல இருந்த புள்ளிவிவர நம்பர மட்டும்தான் மாத்தினேன்."

"யார் எழுதினது?"

"நீங்கதான் சார். பத்துமே உங்களோடது."

"வாசகர் யாரும் கேக்கலையா?"

"ஒருத்தரும் கேக்கல சார்."

ஷபானா மெதுவாகச் சொன்னார்: "உங்க எடத்துக்கு யாரும் வரல. உங்க கான்ட்ராக்ட நீட்டிச்சு நான் நேத்தே கையெழுத்து போட்டுட்டேன்."

அந்த நிமிடம் வரை அவர் பயந்ததெல்லாம் அந்த நாற்காலி போய்விடுமோ என்றுதான். இப்போது அதில் வந்து உட்காரவே கூச்சமாக இருந்தது. நாளைய தலையங்கத்துக்கு நேரமாகிவிட்டது. தட்டத் தொடங்கியதும் முதல் வரி சட்டென்று வந்தது.

ஏரம்பமூர்த்தி கையை எடுத்துவிட்டு, அந்த வரியைச் சந்தேகத்தோடு பார்த்தார்.