ஐரிஸ் பேசாத வரிகள்

"ரோய்ஸ், கதவைச் சாத்திட்டு வா" என்றார் திரையில் ஐரிஸ். எடிட்டர் லயனல் படத்தை நிறுத்தினார். காட்சியில் ஐரிஸுக்கு எதிரே நின்றவன் இளைய மகன் டேரில். ரோய்ஸ் என்ற மூத்த மகன் டிவி தொடரில் இறந்து பதினொரு வருடமாகிறது. அந்தச் சாவையும் லயனல்தான் வெட்டி ஒட்டியிருந்தார்.

வேறொரு முறை எடுத்த டேக்கிலிருந்து ஐரிஸின் குரலில் "டேரில்" என்ற சொல்லை மட்டும் எடுத்து, வாய் தெரியாமல் அவர் பின்னந்தலை மட்டும் தெரியும் படத்துண்டின்மேல் வைத்தார். பத்து நிமிட வேலைதான். மார்ச்சிலிருந்து ஐரிஸின் தவறை இப்படி மறைப்பது இது நாற்பத்தொன்றாவது முறை. யாரிடமும் சொல்லவில்லை.

இருபது வயதில் பிலிம் ஒட்ட வந்தவர். செய்திகள், எவரும் பார்க்காத இரண்டு படங்கள், பிறகு பத்தொன்பது வருடமாக மெல்போர்னில் இந்தத் தொடர். தாயாக நடிக்கும் ஐரிஸ் வசனத்துக்கு முன் எப்படி மூச்சிழுப்பார், பொய் சொல்லும்போது எந்தக் கண் சிறுக்கும் என்பதெல்லாம் அவருக்கு அத்துப்படி. நேரில் பேசியது நான்கு முறை, எல்லாம் கிறிஸ்துமஸ் பார்பிக்யூவில். நான்கு முறையும் ஐரிஸ் அவரைக் கேன்டீன்காரர் என்று நினைத்து, தொட்டுக்கொள்ள சாஸ் கேட்டார். கொண்டுபோய்க் கொடுத்தார். ரிங்வுட் புறநகரில் லயனல் தனியாக இருக்கும் வீட்டில் அவ்வளவு பேச்சுக்கூடக் கிடையாது.

தயாரிப்பாளர் டானிகா கதவைத் தட்டாமல் உள்ளே வந்தாள்.

"என்ன லயனல், இந்தக் குகைல இன்னும் உயிரோடதான் இருக்கீங்களா? உங்களுக்கு ஒரு நாள் லீவு. ரெண்டாயிரமாவது எபிசோடுல ஐரிஸ் தனியாப் பேசறாங்க. ஒன்பது நிமிஷம், ஒரே ஷாட். ஒரு வெட்டு கிடையாது. வியாழக்கிழமை எடுக்கறோம்."

"அவங்களால முடியுமா?"

"இந்த வருஷம் மாதிரி அவங்க நடிச்சதே இல்லையே! அடுத்தவங்க பேசறப்போ என்னமாக் கேக்கறாங்க, பாத்தீங்களா?"

பார்த்திருந்தார். அந்தக் கேட்கும் முகங்களெல்லாம், இயக்குநர் 'ஆக்‌ஷன்' என்று குரல் கொடுக்குமுன் ஐரிஸ் சும்மா காத்து நின்றபோது கேமராவில் பதிந்தவை. வசனம் தடுமாறிய இடங்களில் அவற்றைத்தான் வைத்து மூடியிருந்தார்.

டானிகாவிடம் சொன்னால் ஒரு வாரத்தில் கதையை மாற்றி எழுதி ஐரிஸைத் தொடரிலிருந்து விலக்கிவிடுவார்கள். சொல்லாவிட்டால் வியாழக்கிழமை அறுபது பேர் பார்க்க அவர் வாயடைத்து நிற்பார். மறுநாள் மதியம் லயனல் கேன்டீனுக்குப் போனார். மூலையில் ஐரிஸ் தன் வசனங்களுக்கு மஞ்சள் மை பூசிக்கொண்டிருந்தார்.

"என்ன, சூப் தீந்துபோச்சா?"

"நான் கேன்டீன் இல்லைங்க. எடிட்டர். லயனல்."

"அடப்பாவி, என் நல்ல நடிப்பையெல்லாம் குப்பைல போடறவரா! உக்காருங்க."

ரயிலில் ஒத்திகை பார்த்துவந்த வாக்கியம் ஒன்றும் வரவில்லை. "வியாழக்கிழமை காட்சியத் துண்டு துண்டா எடுக்கச் சொல்லுங்க. வரி மறக்கறீங்க. பேரு மாறுது. மார்ச்லேர்ந்து. நான்தான் வெளிய தெரியாம வெட்டி ஒட்டிட்டு வரேன்."

ஐரிஸ் பேனாவை மூடினார். அதற்கே வெகுநேரம் ஆயிற்று.

"செட்டுல தடுமாறின மாதிரி எனக்கே தோணும். அப்புறம் சாயங்காலம் டிவியப் போட்டுப் பாப்பேன். ஒரு தப்பும் இருக்காது. சரி, எல்லாம் நம்ம பிரமைன்னு விட்டுடுவேன். டாக்டர்கிட்ட வரலைன்னு ரெண்டு தடவை போன் பண்ணிச் சொல்லிட்டேன், தெரியுமா?"

லயனல் இந்த நாற்பத்தாறு வருடமும், பார்க்கிறவர்களுக்காகத்தான் வெட்டினார். பார்க்கிறவர்களில் ஐரிஸும் ஒருவர் என்பது ஒரு நாளும் தோன்றியதில்லை.

"வெட்டாதது இருக்கா?"

"இருக்கு."

"காட்டுங்க."

எடிட்டிங் அறையில் இயக்குநர்கள் உட்காரும் நாற்காலியில் ஐரிஸ் உட்கார்ந்தார். சென்ற மாதம் எடுத்த கொல்லைப்புறக் காட்சியை லயனல் அப்படியே ஓடவிட்டார். திரையில் ஐரிஸ் ஈரப் போர்வையைக் கொடியில் போடப்போய் நின்றுவிட்டார். நான்கு வினாடி. ஏழு. லயனலின் இடது கை தானாக வெட்டும் விசைக்குப் போயிற்று. அதைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டார்.

பக்கத்தில் ஐரிஸ் திரையை நோக்கிக் குனிந்தார். "காத்து மாறுதுடா. உள்ள வா" என்றார் மெதுவாக. அந்த இடத்தில் அவர் பேச எழுதியிருந்தபடியே, ஒரு சொல் பிசகாமல்.

திரையில் இருந்த ஐரிஸுக்கு அது கேட்கவில்லை. கொடியையும் வேலியையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு நின்றார். போர்வையிலிருந்து அவர் செருப்பின்மேல் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.